நாலாவது ஜாடி

ரொட்டிக்காரம்மாவிடம் ஒரு குறை உண்டு. பசித்த எதையும் பார்த்துக்கொண்டு அவளால் சும்மா இருக்க முடியாது. கடைக்கு வருகிறவர் முகம் கொஞ்சம் வாடியிருந்தால் போதும், கேட்ட ரொட்டியைப் பொட்டலம் கட்டுவதற்கு முன்னால் ஒரு சூடான பன்னை எடுத்து அவர் கையில் திணித்துவிடுவாள். இப்போதுதான் வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு வருகிறேன் என்று தபால்காரர் சத்தியம் செய்தாலும் நம்பமாட்டாள். "சாப்பிட்ட மூஞ்சியா இது?" என்று அவரையே திருப்பிக் கேட்பாள். தெருவில் அவளைக் குறை சொல்ல ஆளே கிடையாது, அவள் வீட்டுக்காரரைத் தவிர. ரொட்டிக்காரரும் வாயால் சொல்வதோடு சரி.

கடைக்குப் பின்னால் அடுப்பறை. செங்கல் அடுப்பு ஒரு சுவரை முழுதாக அடைத்துக்கொண்டிருக்கும். எதிரே மாவு பிசையும் நீளமான மரத்தொட்டி, அதை ஒட்டி உருண்டை பிடிக்கும் பலகை. மூலையில் ஒரு பீங்கான் பானை. அதில் பழைய மாவு இருக்கும். ஒவ்வொரு நாளும் பிசைந்ததில் கொஞ்சத்தை எடுத்து வைத்து மறுநாள் மாவில் சேர்த்தால்தான் ரொட்டி பொங்கி வரும். அந்தக் கடையே அந்தப் பானையை நம்பித்தான் நடந்தது. பழைய மாவு உயிருள்ள சாமான். வேளை தவறாமல் புது மாவும் தண்ணீரும் கொடுத்தால் குமிழி விட்டுத் துள்ளும். கொடுக்காவிட்டால் மேலே கறுப்பாகத் தண்ணீர் விட்டு, அடியில் சுருண்டு படுத்துவிடும். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அதற்குச் சாப்பாடு போடுவது ரொட்டிக்காரம்மாவின் பொறுப்பு. பிரசவ வலி எடுத்து ஆஸ்பத்திரிக்குக் கிளம்பியபோதுகூட வண்டியிலிருந்து தலையை நீட்டி, "பானைக்குப் போட மறந்துடாதீங்க" என்று கத்தியவள் அவள்.

அந்தப் பிரசவத்தில் பிறந்தவள்தான் பாப்பா. இப்போது கல்லூரியில் கடைசி வருஷம் நுண்ணுயிரியல் படிக்கிறாள். வீட்டில் இன்னும் பாப்பாதான்.

கடைசி வருஷத்தில் ஆளுக்கொரு ஆய்வு செய்து காட்ட வேண்டும். பாப்பா வெளியே எங்கும் அலையவில்லை. வீட்டுப் பழைய மாவில் கொஞ்சம் எடுத்து நாலு கண்ணாடி ஜாடிகளில் போட்டு, அடுப்புக்குப் பக்கத்து அலமாரியில் வரிசையாக வைத்தாள். முதல் ஜாடிக்குத் தினமும் சாப்பாடு. இரண்டாவதற்கு ஒருநாள் விட்டு ஒருநாள். மூன்றாவதற்கு வாரம் ஒருமுறை. நாலாவதற்கு ஒன்றுமே கிடையாது. பட்டினி போட்டால் அதில் இருக்கும் கிருமிகள் எத்தனை காலம் தாக்குப்பிடிக்கும் என்று பார்ப்பதுதான் ஆய்வு. மாவு எவ்வளவு ஏறுகிறது என்று தெரிய ஒவ்வொரு ஜாடியிலும் ஒரு ரப்பர் பேண்டு மாட்டிவைத்தாள்.

இதையெல்லாம் பாப்பா அம்மாவிடம் விளக்கமாகத்தான் சொன்னாள். சொன்ன நேரம் சரியில்லை. ரொட்டிக்காரம்மா அப்போது அடுப்பின் வாய்க்குள் பாதி உடம்பை விட்டு, நீளத் துடுப்பால் ரொட்டிகளை வெளியே இழுத்துக்கொண்டிருந்தாள்.

"எடத்தை மாத்தாதீங்க, யாரும் தொடாதீங்க, சரியாம்மா?"

"சரி சரி, தள்ளி நில்லு, சூடு."

அவ்வளவுதான் பேச்சு. அவள் காதில் விழுந்ததும் அதில் பாதிதான்.

மழைக்காலம் தொடங்கிவிட்டது. மாவு மூட்டைகள் ஈரம் குடித்து கனத்துப்போயின. ரொட்டிக்காரர் தண்ணீரைக் குறைத்துப் பிசைந்தார், குறைத்தது போதவில்லை என்று முணுமுணுத்தார். பாப்பா தினமும் எழுந்ததும் கண்ணைக் கசக்கிக்கொண்டு ஜாடிகளின் முன்னால் நிற்பாள். அளப்பாள், முகர்வாள், புளிப்புக்குத் தக்க நிறம் மாறும் காகிதத்தை அதில் தொட்டுப் பார்ப்பாள், எழுதிக்கொள்வாள். பிறகு குடையை மறந்துவிட்டுக் கல்லூரிக்கு ஓடுவாள்.

மகளின் மறதி அம்மாவுக்குப் பழகியதுதான். குடை, தண்ணீர் பாட்டில், சாப்பாட்டு டப்பா, எல்லாவற்றையும் பின்னாலேயே எடுத்துக்கொண்டு தெருமுனை வரை ஓடியிருக்கிறாள். அதனால்தான் நாலாவது ஜாடியைப் பார்த்ததும் அவளுக்கு ஆச்சரியமாக இல்லை. மற்ற மூன்றுக்கும் பாப்பா போடுகிறாள். மூன்றாவதற்குத் தாமதமாகவாவது போடுகிறாள். கடைசியில் நிற்கிற இந்த ஒன்றை மட்டும் அடியோடு மறந்துவிட்டாள். ஜாடியின் மேல் கறுப்புத் தண்ணீர் தேங்கி, மாவு வாடிப்போய்க் கிடந்தது. பார்க்கவே ரொட்டிக்காரம்மாவுக்குப் பொறுக்கவில்லை. பாப்பா படியிறங்கியதும் ஒரு கரண்டி எடுத்துவிட்டு, ஒரு கரண்டி புது மாவும் தண்ணீரும் போட்டுக் கலக்கி மூடினாள். மகளிடம் சொல்லவில்லை. சொன்னால், இதைக்கூட மறந்தேனா என்று பிள்ளை மனசு கஷ்டப்படும் என்று நினைத்தாள்.

*

அன்று நல்ல மழை. பாப்பாவும் அவளுடைய சிநேகிதியும் ஒரே குடையில் பாதிப் பாதி நனைந்துகொண்டு கடைக்குள் ஓடிவந்தார்கள். சிநேகிதிக்குத் தலை நிறையச் சுருள்முடி. எல்லாருக்கும் அவள் சுருட்டைதான்.

"அம்மா! அப்பா! ரெண்டு பேரும் இங்க வாங்க. உங்க பொண்ணு மேடை ஏறப் போறா!"

"பாட்டுப் போட்டியா? வேண்டாம் பாப்பா, ஜனங்க பாவம்" என்றார் ரொட்டிக்காரர்.

"ஆன்ட்டி, மொதல்ல எனக்கு ஒரு பன்னு குடுங்க. அப்பறமா எல்லாரும் சந்தோஷப்படுங்க" என்றாள் சுருட்டை.

பாப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. ஈரச் செருப்போடு அடுப்பறைக்குள் போய் நாலாவது ஜாடியை எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"எல்லாம் இதாலதாம்மா. எங்க காலேஜ் மேடம் என் நோட்டைப் பாத்துட்டு நம்பவே இல்ல. நிஜமாவே ஒண்ணும் போடலையான்னு திருப்பித் திருப்பிக் கேட்டாங்க. ஒரு சிட்டிகை மாவுகூடப் போடலை மேடம்னு அடிச்சுச் சொன்னேன். இத்தனை வாரம் பட்டினி கெடந்தும் பொங்குதுன்னா இதுல என்னமோ விசேஷம் இருக்கு, எல்லாக் காலேஜும் கூடுற கூட்டத்துல நீயே பேசுன்னுட்டாங்க!"

"க்ளாஸ்ல இவ ஒருத்திதான் ஆன்ட்டி நெஜமா ஆய்வு பண்ணவ" என்றாள் சுருட்டை, வாய் நிறையப் பன்னோடு. "நாங்கல்லாம் வீட்ல உக்காந்து, தோணின நம்பரை எழுதிக் குடுத்தோம். இவ எங்களைத் திட்டாத நாளே கெடையாது."

பட்டினி என்ற சொல் அப்போதுதான் ரொட்டிக்காரம்மாவின் காதில் முழுசாக விழுந்தது. அடுப்பில் இருந்த ரொட்டி கருகுகிற வாசனை வந்தும் அவள் நகரவில்லை. ரொட்டிக்காரர் ஓடிப்போய் வெளியே இழுத்தார். கல்யாணமான நாளிலிருந்து அவள் கையில் ரொட்டி கருகியது அதுதான் முதல் தடவை.

*

பாப்பா கல்லூரிக்குப் போயிருந்த நேரம் பார்த்து, தொட்டியின் இரண்டு பக்கமும் நின்று மாவு பிசையும்போது வீட்டுக்காரரிடம் சொன்னாள். அவர் சிரித்த சிரிப்பில் மாவு பறந்தது. கண்ணைத் துடைக்கப் போய் மீசையெல்லாம் வெள்ளையாகிவிட்டது.

"ஊருக்கெல்லாம் போட்டது பத்தாதுன்னு ஜாடிக்கும் போட்டியா?"

"சிரிக்காதீங்க. எனக்குக் கையும் ஓடலை, காலும் ஓடலை."

அவர் சிரிப்பை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் மாவை மடித்து மடித்து அழுத்தினார்.

"பாப்பாகிட்ட சொல்லிட்டியா?"

"இல்ல."

"சொல்லாதே. பிள்ளை எவ்ளோ ஆசையா இருக்கு பாத்தேல்ல. ஒரு கரண்டி மாவு, அதைப் போயி ஒரு விஷயம்னு..."

"ஒண்ணுகூடப் போடலைன்னு அடிச்சுச் சொல்லியிருக்குங்க."

"அதுக்குத் தெரிஞ்சதைச் சொல்லிச்சு. அது பொய் இல்லையே."

"அது பொய் சொல்லலை. ஆனா எனக்குத் தெரியுமே. தெரிஞ்சுக்கிட்டு நான் கம்முனு இருந்து, அது மேடையில ஏறி அத்தனை பேருக்கு முன்னாடி அதையே சொன்னா, என் பிள்ளையை நானே பொய் சொல்ல வச்ச மாதிரி ஆகாதா?"

ரொட்டிக்காரர் மாவு இளகிவிட்டது என்று சொல்லி இன்னொரு கை மாவு அள்ளிப் போட்டார்.

*

விடுமுறை நாளில் மூன்று பேரும் பலகையைச் சுற்றி நின்று பன்னுக்கு உருண்டை பிடிப்பது வழக்கம். வெளியே மழை விட்டு வெயில் எட்டிப் பார்த்தது. பாப்பா மேடையில் பேசப்போவதை உருண்டை பிடித்துக்கொண்டே பேசிப் பார்த்தாள். அவள் பேசப் பேச அம்மாவின் உருண்டைகள் கோணல்மாணலாக வந்தன.

"பாப்பா."

"ம்."

"அந்த நாலாவது ஜாடி பட்டினி கெடக்கலை."

"என்னம்மா சொல்ற?"

"நான் போட்டேன்."

"என்னத்தைப் போட்ட?"

"மாவு. ஒரு கரண்டி. கூடக் கொஞ்சம் தண்ணி. நீ மறந்துட்டேன்னு நெனச்சேன்."

பாப்பா இன்னும் நம்பவில்லை. "போம்மா" என்று சிரித்தாள். பிறகு அப்பாவின் முகத்தைப் பார்த்தாள். அவர் உருண்டையையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எப்பம்மா?"

"நெனப்பு வந்தப்பல்லாம். ஒருநாள் விட்டு ஒருநாள் இருக்கும்."

"போட்டிருந்தா மாவு கூடியிருக்குமே! ரப்பர் பேண்டு போட்டு வச்சிருந்தேனே!"

"ஒரு கரண்டி எடுத்துட்டுத்தானே ஒரு கரண்டி போடுவோம். ரப்பரும் நகந்துடக் கூடாதுன்னு அதே எடத்துல வச்சேன்." இதைச் சொல்லும்போது, அந்த நேரத்திலும், அவள் குரலில் கொஞ்சம் பெருமை எட்டிப் பார்த்தது.

"தொடாதேன்னு சொன்னேன்லம்மா!"

"நீ சொன்னப்ப நான் அடுப்புக்குள்ள இருந்தேன் பாப்பா. எடத்தை மாத்தாதேன்னதுதான் நல்லாக் கேட்டுச்சு."

பாப்பா கையிலிருந்த மாவைப் பலகையில் அறைந்தாள். மூக்கு சிவந்துவிட்டது.

"க்ளாஸ்ல எல்லாரும் பொய்க்கணக்கு எழுதினாங்கன்னு எவ்ளோ கேவலமாப் பேசினேன் தெரியுமா? அவங்க எழுதினதை யாரும் பெருசா எடுத்துக்கலை. எல்லாத்துலயும் பெரிய பொய் என்னோடதுதான். அதுக்குத்தான் மேடை!"

கையைக்கூடக் கழுவாமல் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அன்று அம்மாவிடம் பேசவில்லை. தட்டில் வைத்ததைச் சாப்பிடவும் இல்லை. ரொட்டிக்காரம்மாவுக்கு இதைவிடப் பெரிய தண்டனை வேறொன்று கிடையாது.

மறுநாள் சுருட்டை வந்தாள். இரண்டு பேரும் கடைவாசல் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். உள்ளே ரொட்டிக்காரம்மா அடுக்கிய ரொட்டிகளையே மறுபடி அடுக்கிக்கொண்டிருந்தாள். ஒட்டுக்கேட்பது தப்பு என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் அடுக்கினாள்.

"லூசாடி நீ?" என்றாள் சுருட்டை. "ரொட்டியில பூஞ்சை வளர்றதைப் பத்தி நான் அத்தனை பக்கம் எழுதிக் குடுத்தேன். ஒரு பூஞ்சையைக்கூட நான் கண்ணால பாத்தது இல்ல. உனக்கு ஒரு கரண்டி மாவு குத்துதா?"

"தெரியாம இருந்த வரைக்கும் சரி. இப்ப தெரியும்ல."

"உனக்கும் உங்க வீட்டுக்கும்தான் தெரியும். ஜாடி வந்து சாட்சி சொல்லப் போகுதா?"

"அத்தனை பேரு முன்னாடி, ஒரு சிட்டிகைகூடப் போடலைன்னு சொல்லணும்டி. எனக்கு வாய் வராது."

"வரும் வரும். எனக்கு வந்துச்சே."

பாப்பா சிரித்துவிட்டாள். சிரிக்கும்போதே அழுகையும் வந்துவிட்டது. சுருட்டை பாதிப் பன்னைப் பிய்த்து அவளிடம் நீட்டினாள். பாப்பா வாங்கிக்கொண்டாள். அவள் சாப்பிட்டதைப் பார்த்த பிறகுதான் உள்ளே ரொட்டிக்காரம்மாவுக்கு மூச்சு வந்தது.

பாப்பா கல்லூரிக்குக் கிளம்பும்போது அம்மா வாசலில் நின்றாள்.

"நான் வந்து மேடம்கிட்ட சொல்லட்டுமா? தப்பு என்னோடதுதானே."

"நான் என்ன ஸ்கூல் பிள்ளையா, அம்மாவைக் கூட்டிட்டுப் போக? நானே சொல்றேன்."

அன்று கடையில் நடந்ததைத் தெரு இன்னும் மறக்கவில்லை. மாவில் உப்பை ஒருமுறை போட்டுவிட்டு, போட்டோமா என்ற சந்தேகத்தில் இன்னொரு முறையும் போட்டுவிட்டாள் ரொட்டிக்காரம்மா. வாங்கிப்போன ரொட்டியை ஒவ்வொருவராகத் திருப்பிக் கொண்டுவந்தார்கள். தபால்காரர் மட்டும் கொடுத்த பன்னை முழுசாகத் தின்றுவிட்டு, ஒரு சொம்புத் தண்ணீரைக் குடித்துவிட்டு, நன்றாக இருக்கிறது என்று சொல்லிப் போனார். அவர் நல்ல மனுஷர்.

பாப்பா திரும்பி வந்ததும் நேராகப் பலகைக்கு முன்னால் இருந்த முக்காலியில் உட்கார்ந்தாள். ரொட்டிக்காரர் அடுப்பை விட்டு வந்தார்.

"மேடம்கிட்ட எல்லாத்தையும் சொல்லிட்டேன்" என்றாள். "அப்பறம், உங்க அம்மா எவ்ளோ மாவு போட்டாங்க, எந்தெந்த நாள்னு கேட்டாங்க. சொன்னேன். ரப்பர் பேண்டைத் திருப்பி மாட்டி வச்சதைச் சொன்னதும் சிரிச்சுட்டாங்க."

"என்னைத் திட்டினாங்களா?"

"உன்னைத் திட்டலை. என்னைத்தான். ஒரு தடவை வாயால சொல்லிட்டா ஆச்சா, ஜாடி மேல எழுதி ஒட்டத் தெரியாதான்னு. மொதல்லருந்து எல்லாத்தையும் திரும்பப் பண்ணணும். பரீட்சைக்குள்ள முடிக்கலைன்னா அந்தப் பாடம் போச்சு."

"மேடை?"

"அது வேற ஒரு பையனுக்குப் போயிடுச்சும்மா."

சொல்லிவிட்டுப் பாப்பா குலுங்கிக் குலுங்கி அழுதாள். ஆசைப்பட்டது கிடைக்காமல் போனால் வலிக்கத்தானே செய்யும், சரியானதைச் செய்துவிட்டால் மட்டும் வலிக்காமல் போகுமா? ரொட்டிக்காரம்மா மாவுக்கையோடு அவளைக் கட்டிக்கொண்டாள். கல்லூரிக்குப் போட்டுப்போன நல்ல சட்டை முழுக்க வெள்ளைக் கைத்தடம். பாப்பா கொஞ்ச நேரம் கழித்து, "பசிக்குதும்மா" என்றாள்.

*

புதிதாக நாலு ஜாடிகள் அலமாரியில் ஏறின. ரொட்டிக்காரர் எங்கிருந்தோ ஒரு பூட்டைத் தேடிக் கொண்டுவந்து, அலமாரிக்குக் கதவு போட்டுப் பூட்டிவிடலாம் என்றார். ரொட்டிக்காரம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுப்பைக் கிளறினாள்.

"பூட்டெல்லாம் வேண்டாம்பா" என்றாள் பாப்பா. "அம்மாவுக்குத்தான் இப்ப தெரியுமே."

மேடம் சொன்னபடி ஜாடிகளில் எழுதி மட்டும் ஒட்டினாள். நாலாவதில் பெரிய எழுத்தில், 'இதற்குச் சாப்பாடு கிடையாது.'

அந்த வாரங்களில் ரொட்டிக்காரம்மா பட்ட பாடு யாருக்கும் வேண்டாம். அலமாரிக்கு முதுகைக் காட்டியே வேலை செய்தாள். உருண்டை பிடிக்கும் இடத்தை வீட்டுக்காரரோடு மாற்றிக்கொண்டாள். மற்ற மூன்று ஜாடிகளும் அதனதன் வேளைக்குத் தின்று பொங்கிக்கொண்டிருக்க, நாலாவது ஓரத்தில் வாடிக் கிடந்தது. அதன் புளிப்பு வாசனை மட்டும் எங்கே திரும்பினாலும் பின்னாலேயே வந்தது.

"அது கூப்பிடுற மாதிரியே இருக்குங்க" என்றாள் ஒருநாள்.

"மாவு கூப்பிடாது. பேசாம உருட்டு" என்றார் அவர். ஆனால் அவரும் ஒருமுறை ஓரக்கண்ணால் ஜாடியைப் பார்த்துக்கொண்டார்.

கல்லூரிகள் கூடும் கூட்டத்துக்குப் பாப்பாவும் போகத் தீர்மானித்தாள். மேடைக்கு இல்லை, கீழே உட்கார்ந்து கேட்கத்தான். வெளியூரில் கூட்டம், தங்கித்தான் வர வேண்டும். சுருட்டையும் கூடப் போகிறாள். போவதற்கு முன்னால் அவள் கடையில் ஒரு ரொட்டி கேட்டு வாங்கி, பைக்குள் பத்திரமாக வைத்தாள்.

"வழியில திங்கவா?" என்றாள் ரொட்டிக்காரம்மா.

"இல்ல ஆன்ட்டி. பூஞ்சை பிடிக்குதான்னு பாக்கணும். உங்க பொண்ணால எனக்கு இப்ப நிம்மதியே போச்சு."

பாப்பா அம்மாவை அலமாரிக்கு முன்னால் கூட்டிப்போனாள்.

"நான் வர்ற வரைக்கும் நீதாம்மா பாத்துக்கணும். மொத ஜாடிக்குத் தெனம். ரெண்டாவதுக்கு நாளைக்கு மட்டும். மூணாவதுக்கு இப்ப வேண்டாம், நான் வந்து போட்டுக்கறேன்."

"நாலாவதுக்கு?"

"அதுக்கு ஒண்ணும் கெடையாது."

"தெரியும். சும்மா கேட்டேன்."

மறுநாள் ரொட்டிக்காரம்மா கரண்டியும் மாவுமாக அலமாரிக்கு முன்னால் நின்றாள். முதல் ஜாடிக்குப் போட்டாள். இரண்டாவதற்குப் போட்டாள். மூன்றாவதைத் தாண்டினாள். கரண்டியில் இன்னும் கொஞ்சம் மாவு மிச்சம் இருந்தது. நாலாவது ஜாடியில் கறுப்புத் தண்ணீர் விளிம்பு வரை ஏறி, கீழே மாவு சாம்பல் நிறத்தில் உட்கார்ந்திருந்தது. வீட்டுக்காரர் கடையில் இருந்தார். அலமாரிக்குப் பூட்டு இல்லை. ரப்பர் பேண்டைத் திருப்பி அதே இடத்தில் மாட்ட அவள் கைக்கு நன்றாகத் தெரியும். பிள்ளை அன்றைக்கு எத்தனை நம்பிக்கையாக, நீதாம்மா பாத்துக்கணும் என்று சொல்லிவிட்டுப் போனது என்பதும் தெரியும்.

"பொறுத்துக்கோ சாமி. என் பொண்ணு படிக்கணும்" என்று ஜாடியிடம் சொன்னாள். கரண்டியில் இருந்த மிச்ச மாவைப் பானைக்குள் தட்டிவிட்டு, கரண்டியைக் கழுவி ஆணியில் மாட்டிவிட்டு, விறுவிறுவென்று கடைக்கு வந்தாள். நல்லவேளையாகத் தபால்காரர் அப்போது வாசலில் வந்து நின்றார். அன்று அவருக்கு இரண்டு கையிலும் பன் கிடைத்தது.

கூட்டம் முடிந்து பாப்பா காலையிலேயே வந்துவிட்டாள். பையைக்கூட இறக்கி வைக்காமல் அலமாரிக்குப் போய் நாலாவது ஜாடியை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். முகர்ந்து மூக்கைச் சுளித்தாள். அதிலிருந்து கொஞ்சம் எடுத்துப் புது மாவில் கலந்து, ஒரு கிண்ணத்தில் போட்டு அடுப்போரச் சூட்டில் வைத்தாள். உயிர் மிச்சம் இருந்தால் சாயங்காலத்துக்குள் பொங்கும். இல்லாவிட்டால் இல்லை.

அன்று முழுவதும் மூன்று பேரும் ஏதாவது ஒரு சாக்கு வைத்து அந்தக் கிண்ணத்தை எட்டிப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். ரொட்டிக்காரர் விறகு எடுக்கப் போகிற மாதிரி போய்ப் பார்த்தார். ரொட்டிக்காரம்மா துணி உலர்த்தப் போகிற மாதிரி பார்த்தாள். பொங்கிவிட்டால் இந்தத் தடவையும் தான் போட்டதாகப் பாப்பா நினைத்துவிடுவாளே என்று அவளுக்குப் பயம். வாழ்நாளில் முதல் தடவையாக ஒரு மாவு பொங்கக் கூடாது என்று வேண்டிக்கொண்டாள்.

வெயில் சாய்ந்தபோது பாப்பா கிண்ணத்தைப் பலகை மேல் கொண்டுவந்து வைத்தாள். வைத்த மாவு வைத்தபடி, தட்டையாகக் கிடந்தது. விரலால் அழுத்தினாள். குழி அப்படியே நின்றது.

"செத்துப்போச்சும்மா!" என்று கத்தினாள். "நெஜமாவே செத்துப்போச்சு! அப்பா, செத்துப்போச்சு!"

ஒரு சாவுக்கு இத்தனை சந்தோஷம் அந்த வீட்டில் அதுவரை நடந்ததில்லை. ரொட்டிக்காரர் பிள்ளையின் முதுகில் தட்டினார், அங்கேயும் ஒரு வெள்ளைத் தடம். ரொட்டிக்காரம்மா கிண்ணத்துக்கு மேல் குனிந்து பார்த்தாள். அவள் கண்ணில் தண்ணீர் நிரம்பிவிட்டது, வாயில் சிரிப்பும் நிற்கவில்லை.

"நல்லாப் பாத்தியா? ஒரு குமிழிகூட இல்லையா?"

"ஒண்ணுகூட இல்ல."

"நான் ஒண்ணும் போடலை பாப்பா."

"தெரியும்மா" என்றாள் பாப்பா. "அதான் செத்துப்போச்சே."